தாய்மொழிக் கல்வியும் உஸ்மானியப் பல்கலைக்கழகமும்

ஜப்பான் நாட்டின் தலைநகராகிய டோக்கியோவில் 1877 ஆம் ஆண்டு நிறுவப்பெற்ற பல்கலைக்கழகத்தைக் காணச் செல்வோர்க்கு, அங்குப் பயிலும் மாணவர்களே வழிகாட்டிகளாக நின்று வளாகத்தைச் சுற்றிக் காட்டும் வழக்கம் உண்டு. செவ்வண்ணம் தீட்டிய பழைய வாயில் ஒன்று அங்கே இன்றும் நிற்கிறது. மாயேதா என்னும் குறுநிலத் தலைவர் குடும்பத்தில் ஷோகன் மகள் மணமகளாகப் புகுந்தபோது, 1827 இல் எழுப்பிய வாயில் அது. குறுநிலத் தலைவரின் மாளிகை மனை பின்னாளில் கல்வி நிலையமாயிற்று. இவ்வரலாற்றை ஊதியம் பெறும் வழிகாட்டி சொல்வதற்கும், அம்மண்ணிலேயே கற்கும் இளைஞர் சொல்வதற்கும் வேறுபாடு உண்டு. முன்னவர் கட்டடத்தைக் காட்டுவார். பின்னவர் தம் வாழ்வின் ஒரு பகுதியைக் காட்டுவார்.

அத்தகைய நடையுலா ஒன்று, ஏ.எஸ்.ராவ் நகர் வாழ் தமிழ்க் குடும்பத்தினர் சிலருக்கு அண்மையில் ஐதராபாத்திலேயே வாய்த்தது. 1967 இல் இ.சி.ஐ.எல். நிறுவனத்தைத் தோற்றுவித்த அறிவியலறிஞர் ஏ.எஸ்.ராவ் அவர்களின் பெயர் தாங்கிய நம் நகரிலிருந்து, மௌலா அலி, தார்நாக்கா வழியே சென்றால் உஸ்மானியப் பல்கலைக்கழகத்தை எளிதில் அடையலாம். அலுவலகம் செல்லும் பேருந்திலிருந்து ஆண்டுக்கணக்கில் அதனைப் பார்த்திருக்கிறோம். உள்ளே நின்று நோக்கியவர் நம்முள் சிலரே. வரலாற்றுத் துறையில் முதுகலை பயிலும் தெலுங்கு இளைஞர் ஒருவர் நமக்கு வழிகாட்டினார். தெலுங்கும் ஆங்கிலமும் கலந்து அவர் சொன்னவற்றையும், நாம் நூல்களிற் கற்றவற்றையும் இணைத்து, இப்பல்கலைக்கழகத்தின் வரலாறு தமிழர்க்கு உணர்த்தும் செய்தியை இக்கட்டுரையில் எடுத்துரைக்க முற்படுகிறோம்.

நிலமும் நிழலும்

பல்கலைக்கழகம் அமைந்துள்ள ஆதிக்மெட் பகுதி, ஒரு காலத்தில் மாஹ் லகா பாய் சந்தா (1768–1824) என்னும் பெண்மணிக்கு உரிய ஜாகீராக இருந்தது. நிஜாம் அரசவையில் ஆடலாலும் பாடலாலும் அறிவாலும் சிறப்புற்றவர் அவர். உருது மொழியில் தம் கவிதைகளைத் தொகுதியாகத் தந்த தொடக்கக்காலப் பெண்பாற் புலவர்களுள் ஒருவர். அவர் பெயரால் வழங்கும் படிக்கிணறு, இன்று அயலிலுள்ள ஆங்கில, அயல்மொழிப் பல்கலைக்கழக வளாகத்தில் இருக்கிறது. டோக்கியோவில் தலைவர் மனை கல்விக்கூடமானது போல, இங்கே ஒரு பெண்பாற் புலவரின் நிலம் கல்விக்கூடமாயிற்று.

1918 இல் தோன்றிய பல்கலைக்கழகம் உடனே இங்குக் குடிபுகவில்லை. நிஜாம் கல்லூரியை அடுத்த பஷீர் பாக் பகுதிக் கட்டடங்களில், 225 மாணவரோடும் 25 ஆசிரியரோடும் அது பணி தொடங்கியது. நிலையான இருப்பிடம் அமைக்க முனைந்தபோது, நவாப் ஜைன் யார் ஜங், சையத் அலி ரஜா ஆகிய இரு கட்டடக்கலை வல்லுநர்கள் ஐரோப்பா, அமெரிக்கா, ஜப்பான், எகிப்து முதலிய நாடுகளுக்குச் சென்று ஆங்காங்குள்ள பல்கலைக்கழகங்களைக் கண்டுவர அனுப்பப்பட்டனர். பெல்ஜியம் நாட்டவரான எர்னஸ்ட் ஜாஸ்பர் கட்டட வடிவமைப்பை ஏற்றார். கலைக் கல்லூரிக் கட்டடத்திற்கு 1934 இல் அடிக்கல் நாட்டினர். 1939 டிசம்பரில் நிஜாம் மீர் உஸ்மான் அலி கான் அதனைத் திறந்து வைத்தார்.

இளஞ்சிவப்புக் கருங்கல்லால் எழுந்த அம்மாளிகையின் முன் நின்றால், முகப்பின் நெடிய வளைவு நம்மை முதலில் ஈர்க்கிறது. வளைவுகள் இசுலாமியக் கட்டடக்கலையின் சாயலுடையவை. தூண்களோ அஜந்தா, எல்லோராக் குகைகளை நினைவூட்டுகின்றன. “இரு மரபுகளும் கல்லில் இணங்கிவிட்டன, மொழியில் இணங்கினவா என்பதை உள்ளே போய்ப் பேசுவோம்” என்று அவ்விளைஞர் புன்னகையோடு கூறினார். அன்றைய உலாவின் கருப்பொருள் அவ்வொரு வாக்கியத்திலேயே அடங்கியிருந்தது.

ஜப்பான் தந்த ஊக்கம்

இந்தியாவின் பிற பல்கலைக்கழகங்கள் பெரும்பாலும் ஆங்கிலத்தின் வழியே உயர்கல்வி புகட்டிய காலம் அது. அக்காலத்தில் அரசுச் செயலாளராக இருந்த அக்பர் ஹைதரி, அயல்மொழிவழிக் கல்வி மாணவரின் நினைவாற்றலை மட்டுமே வளர்க்கிறது, சிந்தனையை வளர்ப்பதில்லை என்னும் கருத்தினை முன்வைத்து, உருதுவைப் பயிற்றுமொழியாகக் கொண்ட பல்கலைக்கழகம் வேண்டும் என விண்ணப்பம் அளித்தார். நிஜாம் 1917 இல் இசைவளித்தார். ஆங்கிலம் புறக்கணிக்கப்படவில்லை, கட்டாயப் பாடமாக இருந்தது. கவி தாகூரும் இம்முயற்சியை வரவேற்றார்.

ஐதராபாத் அரசின் கல்வித்துறை இயக்குநராக இருந்த ராஸ் மசூத், 1922 இல் ஜப்பான் சென்று அந்நாட்டுக் கல்வி முறையை ஆராய்ந்து, 1923 இல் நூலாக வெளியிட்டார். மெய்ஜி காலத்து ஜப்பானியர் தொடக்கத்தில் அயல்நாட்டுப் பேராசிரியர்களை வரவழைத்து அவர்கள் மொழியிலேயே கற்றனர். பின்னர்த் தம் மாணவர்களை மேல்நாடுகளுக்கு அனுப்பினர். திரும்பி வந்தவர்கள் ஆசிரியராகித் தாய்மொழியில் பாடம் சொன்னார்கள், நூல்களை மொழிபெயர்த்தார்கள், புதுச் சொற்களைப் படைத்தார்கள். ஒரு தலைமுறைக்குள் அயல்மொழி கல்விக்கு வாயிலாக இருந்த நிலை மாறி, துணையாக நின்றது. அந்நாட்டின் எடுத்துக்காட்டு ஐதராபாத்தாருக்கு நம்பிக்கை அளித்ததில் வியப்பில்லை.

பாடநூல் இன்றிப் பயிற்றுமொழி ஏது? ஆகவே 1917 இலேயே மொழிபெயர்ப்பு மனை ஒன்று நிறுவப்பெற்றது. உருது வளர்ச்சிக்குத் தம் வாழ்நாளை ஈந்த மௌல்வி அப்துல் ஹக் அதன் தலைமையை ஏற்றார். கவிஞர் ஜோஷ் மலீஹாபாதி அங்குப் பணியாற்றினார். வரலாறு, மெய்யியல், இயற்பியல், வேதியியல், மருத்துவம், பொறியியல் எனப் பல துறைகளிலும் நூற்றுக்கணக்கான நூல்கள் உருதுவில் வந்தன. கலைச்சொற்களை அரபு, பாரசீக வேர்களிலிருந்து ஆக்குவதா, மக்கள் வழக்கிலிருந்து எடுப்பதா என்று அறிஞர்கள் நெடிது விவாதித்தனர். மருத்துவப் பட்டமும் பொறியியற் பட்டமும் இந்திய மொழி ஒன்றின் வழியே பெறலாயிற்று என்பது எளிய சாதனை அன்று.

யாருடைய தாய்மொழி?

இத்துணைப் பெருமைக்கும் ஊடே ஒரு முள் இருந்தது. அன்றைய ஐதராபாத் அரசின் மக்களுள் ஏறத்தாழப் பாதிப் பேர் தெலுங்கு பேசினர். கால் பங்கினர் மராத்தி பேசினர். கன்னடம் பேசுவோரும் பலர். உருதுவைத் தாய்மொழியாகக் கொண்டோர் பத்தில் ஒரு பங்கினரே. தாய்மொழிக் கல்வி என்னும் கொள்கை உயர்ந்தது. ஆயின் அரசின் மொழியே மக்களின் தாய்மொழி எனக் கொள்ளப்பட்டுவிட்டது. ஆங்கிலத்தின் சுமையிலிருந்து விடுபட்ட தெலுங்குச் சிறுவன் வேறொரு மொழியின் சுமையை ஏற்றான்.

1938 இல் விடுதிகளில் வந்தே மாதரம் பாடிய மாணவர்கள் கல்லூரிகளிலிருந்து விலக்கப்பட்டனர். நாகபுரிப் பல்கலைக்கழகம் அவர்களுக்கு இடமளித்தது. அவ்வாறு நாகபுரி சென்று பயின்றவர்களுள் பின்னாளில் பாரதப் பிரதமராக விளங்கிய பி.வி. நரசிம்ம ராவ் ஒருவர். விசுவநாத சத்தியநாராயணாவின் ‘வேயி படகலு’ என்னும் தெலுங்குப் பெருநாவலை இந்தியில் பெயர்த்தவரும் அவரே. 1948 இல் ஐதராபாத் இந்திய ஒன்றியத்துடன் இணைந்த பின் பயிற்றுமொழி ஆங்கிலமாயிற்று. மொழிபெயர்ப்பு மனையும் மூடப்பட்டது. உழைத்துப் படைத்த நூல்கள் வகுப்பறையை விட்டு நூலக அடுக்குகளுக்குச் சென்றன. 1969 இலும் 2009 க்குப் பின்னும் தெலங்கானாக் கிளர்ச்சிகளின் களமாக இவ்வளாகம் விளங்கியதும், 2014 இல் தனி மாநிலம் அமைந்ததும் நாம் அறிந்தவை.

கலைக் கல்லூரிப் படிகளில் அமர்ந்தவாறு இவற்றை விளக்கிக்கொண்டிருந்த இளைஞரிடம், நம்முடன் வந்த சிறுமி ஒருத்தி, “அண்ணா, உங்கள் தாத்தாவும் இங்கேதான் படித்தாரா?” என்று வினவினாள். “தாத்தா அல்லர், தாத்தாவின் தந்தை. அவர் உருதுவில் படித்தார். தாத்தா தெலுங்கில் படித்தார். நான் ஆங்கிலத்தில் படிக்கிறேன். பெரியவர் எழுதிய குறிப்பேடு ஒன்று எங்கள் வீட்டுப் பெட்டியில் இருக்கிறது. எங்களுள் ஒருவருக்கும் அதனைப் படிக்கத் தெரியாது” என்றார் அவர். சிறிது நேரம் நம்மில் எவரும் பேசவில்லை. ஊரிலிருந்து வரும் தமிழ்க் கடிதத்தையும் திருமண அழைப்பையும் எழுத்துக் கூட்டிக்கூடப் படிக்கவியலாத பிள்ளைகள் நம் இல்லங்களிலும் வளர்கிறார்கள் என்பதை அனைவரும் அறிவோம்.

தமிழர் கொள்ளத்தக்கது

உஸ்மானியா மேற்கொண்ட பணிக்குத் தமிழில் முன்னோடிகள் உண்டு. யாழ்ப்பாணத்து மானிப்பாயில் பணியாற்றிய அமெரிக்க மருத்துவர் சாமுவேல் பிஸ்க் கிறீன் (1822–1884), 1860 களில் மேலை மருத்துவத்தைத் தமிழிலேயே கற்பித்தார். மருத்துவ நூல்களைத் தமிழாக்கினார். சேலத்தில் 1916 இல் இராஜாஜியும் வெங்கடசுப்பையரும் அறிவியற் கலைச்சொற்களுக்கென இதழ் நடத்தினர். பெரியசாமித் தூரனைத் தலைமைப் பதிப்பாசிரியராகக் கொண்ட கலைக்களஞ்சியம் 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாக வெளிவந்தது. 2010 இல் அண்ணா பல்கலைக்கழகம் கட்டடப் பொறியியலையும் இயந்திரப் பொறியியலையும் தமிழ்வழியில் தொடங்கியது. முயற்சிகள் இல்லாமல் இல்லை, தொடர்ச்சியே குறைவு.

உஸ்மானியாவோடு தமிழர்க்குள்ள நேர்முகத் தொடர்பும் ஒன்று உண்டு. பேகம்பேட்டையில் அமைந்திருந்த நிஜாமியா வானாய்வு நிலையம் 1919 இல் இப்பல்கலைக்கழகத்துடன் இணைக்கப்பட்டது. 1918 முதல் 1944 வரை அதன் இயக்குநராக இருந்தவர் டி.பி. பாஸ்கரன் என்னும் தமிழர். உலக நாடுகள் கூடிச் செய்த விண்மீன் அட்டவணைப் பணியில் ஐதராபாத்தின் பங்காக ஏழு இலட்சத்திற்கும் மேற்பட்ட விண்மீன்களின் நிலைகள் அளக்கப்பட்டன. வகுப்பறையில் உருது; உலக அறிஞரோடு உறவாட ஆங்கிலம்; பணியை நடத்தியவர் தமிழர். தன்மொழியைப் பேணுவதும் உலக மொழியைக் கற்பதும் ஒன்றற்கொன்று பகையல்ல என்பதற்கு வேறு சான்று வேண்டுமோ?

கலைச்சொல் அகராதியில் அச்சேறிவிட்டால் மட்டும் சொல் வாழாது. நாள்தோறும் பேனா முனைக்கு வந்தால்தான் வாழும். கோப்புகளை இருமொழியில் எழுதும் மத்திய அரசு அலுவலகத்தார்க்கு இவ்வுண்மை நன்கு தெரியும். மொழிபெயர்ப்பு மனையின் சொற்கள் பயன்பாடு நின்ற அன்றே நூலகத்துக்குள் ஒடுங்கின. ஓர் அரசின் ஆணையால் எழுந்த மொழிக்கல்வி அவ்வரசு மறைந்ததும் தளர்ந்தது. அரசின் துணை ஏதுமின்றி, பிற மாநிலத்தில் வாழும் நம் தமிழுக்கோ வீடும் சங்கமுமே காவல்.

ஆகவே நாம் முன்வைக்கும் வேண்டுகோள் மிகச் சிறியது. அடுத்த முறை இத்தகைய உலா அமையும்போது, நம் பிள்ளைகளே வழிகாட்டிகளாக நிற்கட்டும். கலைக் கல்லூரி ஒருவருக்கு, நூலகம் ஒருவருக்கு, படிக்கிணறு ஒருவருக்கு எனப் பிரித்துக் கொடுப்போம். அவரவர் பகுதியைத் தாமே படித்து, ஒரு பக்க அளவில் தமிழில் தம் கையால் எழுதி, அதனைப் பார்த்துப் பெரியோர்க்கு விளக்கட்டும். பிழைகள் வரும், திருத்துவோம். ஒரு பக்கம் எழுதப் பழகிய கை, பெட்டியில் கிடக்கும் பாட்டனாரின் கடிதத்தையும் ஒரு நாள் பிரித்துப் படிக்கும்.