உத்தரப் பிரதேசக் காவல்துறை ஒழுங்குவிதி 525

உத்தரப் பிரதேசக் காவல்துறை ஒழுங்குவிதி 525 என்பது, இந்தியாவின் உத்தரப் பிரதேச மாநிலத்தில் காவலர்களைக் காவல்துறையின் ஒரு கிளையிலிருந்து மற்றொரு கிளைக்கு மாற்றும் அதிகாரத்தை வரையறுக்கும் விதியாகும். காவலரின் பணிக்காலம் கூடக்கூட, அவரை வேறு கிளைக்கு மாற்ற மேலும் உயர்ந்த அதிகாரியின் ஒப்புதல் தேவை என்பது இதன் சாரம்.

பின்னணி

1861 ஆம் ஆண்டின் காவல் சட்டம், ஒரு மாநிலத்தின் காவலர் அனைவரையும் ஒரே படையாகக் கருதுகிறது (பிரிவு 2). காவலர் ஒருவரை அம்மாநிலக் காவல் எல்லைக்குள் எவ்விடத்திலும் பணியமர்த்தலாம் (பிரிவு 22). எனினும் படைக்குள் குடிமைக் காவல், ஆயுதக் காவல், குதிரைக் காவல் ஆகிய கிளைகள் உள்ளன. குடிமைக் காவலர் காவல் நிலையப் பணிகளையும், ஆயுதக் காவலர் பாதுகாப்பு, கைதிகளுக்கு வழிக்காவல் போன்ற பணிகளையும் செய்கின்றனர். ஆகவே கிளை மாற்றம் என்பது ஊர் மாற்றம் மட்டுமன்று. பயிற்சி, பணிமூப்பு, பதவி உயர்வு ஆகியவற்றையும் அது பாதிக்கக்கூடும்.

விதியின் வரம்புகள்

* 2 ஆண்டுக்குக் குறைவான பணிக்காலம் உடையோர்: ஆயுதக் காவலுக்கும் குடிமைக் காவலுக்கும் இடையே காவல் கண்காணிப்பாளரே மாற்றலாம்.
* 2 முதல் 10 ஆண்டுகள் வரை பணியாற்றிய குடிமைக் காவலர்: கண்காணிப்பாளர் ஓராண்டில் 6 மாதங்களுக்கு மிகாமல் ஆயுதக் காவலுக்கு மாற்றலாம். அதற்கு மேற்பட்ட காலத்துக்குக் காவல்துறைத் துணைத் தலைவரின் (டி.ஐ.ஜி.) அனுமதி தேவை.
* 2 ஆண்டுக்கு மேற்பட்ட ஆயுதக் காவலர்: துணைத் தலைவரின் அனுமதியுடன் எக்காலத்துக்கும் மாற்றலாம்.
* குதிரைக் காவல்: காவலரின் சொந்த விருப்பத்தின் பேரில் மாற்றலாம்.
* ஏனைய நேர்வுகள்: காவல்துறைத் தலைவரின் (ஐ.ஜி.) ஒப்புதல் தேவை. 10 ஆண்டு கடந்த குடிமைக் காவலர் இவ்வகையில் அடங்குவர்.

சட்ட நிலை

உத்தரப் பிரதேச அரசு எதிர் பாபு ராம் உபாத்தியாயா வழக்கில் (1960), இதே ஒழுங்குவிதித் தொகுப்பின் 486 ஆம் விதி அரசைக் கட்டாயமாகக் கட்டுப்படுத்துவது என உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பணிமாற்ற ஆணைகளில் நீதிமன்றங்கள் பொதுவாகத் தலையிடுவதில்லை. ஆனால் கட்டாயச் சட்ட விதி மீறப்பட்டாலோ தீய நோக்கம் இருந்தாலோ தலையிடலாம் என்று சில்பி போஸ் வழக்கில் (1991) அந்நீதிமன்றம் கூறியது. எனவே உரிய அதிகாரியின் அனுமதியின்றி ஒரு காவலர் வேறு கிளைக்கு மாற்றப்பட்டால், அவர் நீதிமன்றத்தை அணுக 525 ஆம் விதி அடிப்படையாகிறது.

மாகாண ஆயுதக் காவல்படை

மாகாண ஆயுதக் காவல்படை (பி.ஏ.சி.) 1948 ஆம் ஆண்டின் தனிச் சட்டத்தால் ஆளப்படுகிறது. இப்படையிலிருந்து குடிமைக் காவலுக்கு வந்து, அங்கே பதவி உயர்வும் பெற்ற நூற்றுக்கணக்கானோர் 2020 செப்டம்பரில் பழைய படைக்கே காவலர்களாகத் திருப்பி அனுப்பப்பட்டனர். எதிர்ப்பு எழுந்ததும், அவர்களுக்குப் பதவி உயர்வு வழங்குமாறு மாநில முதலமைச்சர் ஆணையிட்டார். கிளை மாற்றம் முறைப்படி அமையாவிடில் பல்லாண்டுப் பணியின் பயனும் கேள்விக்குள்ளாகும் என்பதற்கு இந்நிகழ்வு எடுத்துக்காட்டாகும்.

இவற்றையும் பார்க்க

* காவல் சட்டம், 1861
* உத்தரப் பிரதேசக் காவல்துறை
* பணிமூப்பு