சத்தே: ஒரு சொல்லும் ஓர் உணவும்

இந்தோனேசியாவின் யாவாத் தீவிற் சிறப்புற்று இன்று பல நாடுகளிலும் உண்ணப்படும் 'சத்தே' என்பது, சிறு துண்டுகளாக வெட்டிய இறைச்சியைக் குச்சியிற் கோத்துத் தணலில் வாட்டியெடுக்கும் உணவாகும். இப்பெயர் தமிழின் 'சதை' என்னும் சொல்லிலிருந்து பிறந்தது என்று கூறுவாருளர். தமிழ் மாணவர்க்கு மகிழ்ச்சி தரும் கூற்று இது. ஆயினும், மகிழ்ச்சி தருவன யாவும் உண்மையாகிவிடுவதில்லை. ஒலியொப்புமை ஒன்றையே சான்றாகக் கொண்டு ஓர் உணவின் வரலாற்றை எழுதிவிடலாமா என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

முதலில் அவ்வுணவின் செய்முறையை நோக்குதல் வேண்டும். கோழிச் சத்தே செய்வோர் எலும்பு நீக்கிய இறைச்சியைச் சிறு துண்டுகளாக்கி, மூங்கிற் குச்சியிலோ தென்னை ஈர்க்கிலோ கோப்பர். உள்ளி, கொத்தமல்லி ஆகியவற்றுடன் 'கெச்சாப் மானிஸ்' எனப்படும் இனிப்புச் சோயாச் சாறும் சேர்ந்த கலவையில் அது ஊறும். பின்னர் சிரட்டைக் கரித் தணலின்மீது அடுக்கி, கைவிசிறியால் வீசி, இடையிடையே அச்சாற்றைப் பூசி வாட்டுவர். வெல்லம் கலந்த சாறு விரைவிற் கருகும் இயல்பினது. ஆதலின் தீநாக்கு எழாதவாறு தணலைக் காப்பதும், குச்சிகளை இடையறாது திருப்புவதுமே இத்தொழிலின் நுட்பமாகும். மதுராத் தீவினரின் முறையில், அரைத்த கச்சானாலான குழம்பும் கெச்சாப் மானிசும் மேலே ஊற்றப்படும். நறுக்கிய சின்ன வெங்காயம், மிளகாய், தேசிக்காய்ப்புளி என்பவற்றுடன், வாழையிலையிற் பொதிந்து அவித்த 'லொந்தொங்' என்னும் சோற்றுக்கட்டியும் உடன் வைக்கப்படும். பொனொரோகோ என்னும் கிழக்கு யாவா ஊரில் இறைச்சியைச் சதுரத் துண்டுகளாக வெட்டாது நீண்ட கீற்றுகளாக வெட்டுவர்.

இத்தட்டிலுள்ள பொருள்கள் ஒவ்வொன்றும் ஒரு வரலாற்றுச் சான்றாகும். கச்சானும் மிளகாயும் அமெரிக்கக் கண்டத்துக்கு உரியன. 1492இல் கொலம்பசு அங்குச் சென்றதன் பின்னரும், 1511இல் போர்த்துக்கேயர் மலாக்காவைக் கைப்பற்றியதை ஒட்டியும் விரிந்த கடல்வழி வாணிபமே அவற்றைக் கீழைத் தீவுகளுக்குக் கொணர்ந்தது. எனவே இன்று நாம் அறியும் கச்சான் குழம்புடன் கூடிய சத்தே, பதினாறாம் நூற்றாண்டுக்கு முற்பட்டதாதல் இயலாது.

கெச்சாப் மானிசின் கதை வேறு. சோயா அவரையை அவித்து, பூஞ்சணம் படரவிட்டு, உப்புநீரில் நெடுநாள் ஊறவைத்துச் சாறு வடிக்கும் முறை சீனருடையது. 'கெச்சாப்' என்ற பெயரும் தென்சீனத்து ஒக்கியன் மொழியோடு தொடர்புடையது எனவும், அம்மொழியில் அது மீன் சாற்றைக் குறித்தது எனவும் அறிஞர் கருதுவர். அச்சாற்றைப் பனையினத்து மரங்களின் வெல்லத்துடன் காய்ச்சிக் குழம்பாக்கியது யாவாவின் சுவை மரபாகும். ஒல்லாந்தர் ஆட்சியில் யாவாவிற் குடியேறிய சீனர் வணிகத்திலும் கரும்பாலைகளிலும் ஈடுபட்டனர். 1740இல் பத்தாவியாவில் அவர்களுட் பல்லாயிரவர் படுகொலைக்கு உள்ளாயினர். அத்தகைய கொடுமைக்குப் பின்னரும் அம்மக்களின் கைத்திறன் அந்நாட்டின் அன்றாடச் சுவையாக நிலைபெற்றமை சிந்திக்கற்பாலது. 1928இல் 'பாங்கோ' என்னும் கெச்சாப் உற்பத்தி தொடங்கியதும் சீனக் குடியேற்றத்தாற் பெயர்பெற்ற தங்கெராங்கிலேயே ஆகும்.

இனிச் சொல்லாராய்ச்சிக்கு வருவோம். தமிழர்க்கும் அத்தீவுகளுக்கும் இடையிலான தொடர்பு ஐயத்துக்கு இடமற்றது. சுமாத்திராவின் பாரூசு பகுதியிற் கிடைத்த 1088ஆம் ஆண்டுத் தமிழ்ச் சாசனம் ஐந்நூற்றுவர் என்னும் வணிகக் குழுவினரைக் குறிப்பிடுகின்றது. கப்பல், கடை, பெட்டி, கட்டில், முதல் முதலிய தமிழ்ச் சொற்கள் மலாய் மொழியிற் புகுந்துள்ளன. ஆனால் அவை புகுந்த முறையிலே ஓர் ஒழுங்கு காணப்படுகின்றது. கப்பல், பெட்டி, கட்டில் என்பவற்றின் இரட்டித்த வல்லினம் மலாயிலும் ஒலிப்பிலா வல்லினமாகவே நிற்கின்றது. கடை, முதல் என்பவற்றில் உயிர்களுக்கிடையே தனித்து நின்ற வல்லினமோ ஒலிப்புடையதாகவே அங்கும் ஒலிக்கின்றது. இவ்வொழுங்கின்படி 'சதை' மலாயிற் சென்றிருப்பின், அதன் தகரமும் ஒலிப்புடையதாகவே நின்றிருத்தல் வேண்டும். மலாய்ச் சொல்லிலோ ஒலிப்பிலாத் தகரமே உளது. அதனைத் தமிழில் எழுதும்போதும் 'சத்தே' என இரட்டித்தே எழுத வேண்டியுள்ளது. மேலும், சமைத்து உண்பதைத் தமிழர் பெரிதும் இறைச்சி என்றே வழங்குவர். சதை என்பது உடலின் தசையையே சிறப்பாகச் சுட்டும். இவை அக்கூற்றை முற்றாக மறுக்கப் போதியன அல்லவாயினும், அதனை நிறுவப்பட்ட உண்மையாகக் கொள்வதைத் தடுக்கின்றன. மூன்று துண்டு எனப் பொருள்படும் சீனத் தொடரே சத்தே ஆயிற்று என்பாரின் விளக்கமும் இத்தகையதே. குச்சியிற் கோக்கும் துண்டுகளின் தொகை எங்கும் ஒன்றன்று.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்த அராபிய, குசராத்திய, தமிழ் முசுலிம் வணிகரின் 'கபாப்' உணவைத் தழுவி யாவாவின் தெருவோர விற்பனையாளர் சத்தேயை உருவாக்கினர் என்பது பரவலான கருத்து. இதுவும் ஆராய்தற்குரியது. ஒல்லாந்தர் கீழைத் தீவுகளிலிருந்து தென்னாபிரிக்காவின் நன்னம்பிக்கை முனைக்கு அடிமைகளையும் நாடுகடத்தப்பட்டோரையும் கொண்டுசென்றது பெரும்பாலும் பதினேழாம், பதினெட்டாம் நூற்றாண்டுகளிலாகும். அங்கு வழங்கும் 'சொசாத்தி' என்னும் குச்சியிறைச்சியின் பெயர் சத்தேயுடன் தொடர்புடையது எனக் கொள்ளின், அச்சொல் பத்தொன்பதாம் நூற்றாண்டுக்கு முன்னரே வழக்கில் இருந்ததெனக் கருத இடமுண்டு. 1708இல் யாவாவின் மன்னன் மூன்றாம் அமங்குராத் இலங்கைக்கு நாடுகடத்தப்பட்டமையும், ஒல்லாந்தரின் படையினராகப் பலர் இங்கு வந்தமையும் இலங்கை மலாயர் வரலாற்றின் தொடக்கப் பகுதிகளாகும். அம்மக்களின் அடுக்களை மரபும் இவ்வினாவுக்கு ஒளிதரக்கூடும்.

எவ்வாறாயினும் சத்தேயை மக்கள் உணவாக்கிய பெருமை எம்மொழியின் சொல்லுக்கும் உரியதன்று. வறண்ட மதுராத் தீவில் வேளாண்மை போதாது, பிழைப்புத் தேடி யாவாவின் நகரங்களுக்குச் சென்றோர், தோளிற் காவடியாகத் தூக்கிய அடுப்புடன் தெருத்தெருவாகத் திரிந்து அதனை விற்றனர். அவர்களின் பெயர்கள் எச்சாசனத்திலும் இல்லை. சீனரின் சாறும், அமெரிக்கக் கண்டத்தின் கச்சானும், யாவாவின் வெல்லமும் அவர்களின் தணலிலேயே ஒன்றுசேர்ந்தன. 'இது எம்முடையது' என்று உரிமை கொண்டாட விரையும் ஆய்வு, அத்தணலை விசிறிய கைகளைக் காணத் தவறிவிடுகின்றது. தமிழுக்குப் பெருமை சேர்க்க விழைவோர் பாரூசுச் சாசனம் போன்ற உறுதியான சான்றுகளைப் போற்றுவாராக. ஐயத்துக்குரியதை ஐயத்துக்குரியது என்றே கூறும் துணிவும் தமிழாய்வுக்குப் பெருமையே ஆகும்.