சண்டிலிப்பாயும் ஊரின் அதிகாரமும்

யாழ்ப்பாண நகரிலிருந்து மானிப்பாய் வழியாகக் காரைநகருக்குப் போகும் வீதியில், மானிப்பாய்க்கும் சங்கானைக்கும் இடையே இருக்கிறது சண்டிலிப்பாய். வலிகாமம் தென்மேற்குப் பிரதேச செயலகம் இந்த ஊரின் பெயராலேயே அறியப்படுகிறது. மாதகல் கரையிலிருந்தும் நவாலியிலிருந்தும் மக்கள் தங்கள் அலுவல்களுக்கு இங்கு வருகிறார்கள். ஆனால் தமது ஒழுங்கைகளில் எதை முதலில் திருத்துவது, எந்த மதகை அகலமாக்குவது என்று சண்டிலிப்பாய் மக்கள் கூடி முடிவெடுக்கச் சட்டபூர்வமான மன்றம் ஒன்றும் கிடையாது. சிற்றூர் ஒன்றின் வாழ்வுக்கு அலுவலகம் அருகில் இருப்பது போதாது, முடிவெடுக்கும் உரிமையும் ஊரிடம் இருக்க வேண்டும் என்பதே இக்கட்டுரையின் வாதம்.

ஓர் ஒப்பீடு

அமெரிக்கச் சிற்றூர்களின் அமைப்பு இங்கு ஒப்புநோக்கத் தக்கது. 1785ஆம் ஆண்டின் நிலச் சட்டம், மேற்கே விரிந்த நிலப்பரப்பை ஆறு மைல் நீளமும் ஆறு மைல் அகலமும் கொண்ட ஊர்ப்பரப்புகளாக அளந்தது. ஒவ்வொன்றும் 36 துண்டுகளாகப் பிரிக்கப்பட்டது. பதினாறாவது துண்டு பள்ளிக்கூடத்துக்கென ஒதுக்கப்பட்டது. நியூ இங்கிலாந்துப் பகுதியில் அதற்கு முன்பிருந்தே ஊர்க்கூட்டம் வழக்கில் இருந்தது. மினசோட்டா மாநிலத்தில் இன்றும் மார்ச் மாதத்து இரண்டாம் செவ்வாய்க்கிழமை ஊர்கள் ஆண்டுக் கூட்டம் கூடுகின்றன. அந்த ஆண்டு அறவிட வேண்டிய வரியை வாக்காளர்களே தீர்மானிக்கிறார்கள். சில நூறு பேர் மட்டும் வாழும் ஊருக்கும் இந்த உரிமை உண்டு. அந்த நிலம் பழங்குடிகளிடமிருந்து பறிக்கப்பட்டது என்பதையும், பல ஊர்கள் கறுப்பின மக்களைக் குடியேறவே விடவில்லை என்பதையும் சேர்த்தே இந்த ஏற்பாட்டை மதிப்பிட வேண்டும்.

இந்த மரபில் வளர்ந்தவர்கள் வலிகாமத்துக்கும் வந்தார்கள். அமெரிக்க மிசன் 1816இல் யாழ்ப்பாணத்தில் பணி தொடங்கியது. மசாசூசெற்ஸ் மாநிலத்து வூஸ்ரரில் பிறந்த வைத்தியர் சாமுவேல் பிஸ்க் கிறீன் 1847இல் இங்கு வந்து, சண்டிலிப்பாய்க்கு அயலூரான மானிப்பாயில் வைத்தியமும் மருத்துவக் கல்வியும் நடத்தினார். மேலை மருத்துவ நூல்களைத் தமிழாக்கினார். அந்த மிசனைச் சேர்ந்தோரின் திருச்சபை மரபில், ஒவ்வொரு சபையும் தன் காரியத்தைத் தானே பார்க்கும். குடியேற்ற அரசு சென்ற வழியோ வேறு. மணியகாரர், உடையார், விதானை என மேலிருந்து நியமிக்கப்பட்டோரே ஊரை ஆண்டனர். விதானைமார் பதவி 1963இல் ஒழிந்தது. கிராம அலுவலரை இன்றும் முதியவர்கள் ‘விதானையார்’ என்றே கூப்பிடுகிறார்கள்.

சட்டம் விட்ட இடைவெளி

இலங்கைச் சட்டம் ஊரை முழுதாக மறந்துவிடவில்லை. 1871ஆம் ஆண்டின் கிராமச் சமுதாயக் கட்டளைச் சட்டம் கிராமக் குழுக்களுக்கு வழிவகுத்தது. பிற்காலத்தில் கிராமச் சபைகள் வளர்ந்தன. 1981இல் மாவட்ட அபிவிருத்திச் சபைகள் வந்தபோது கிராமச் சபைகள் கலைந்தன. 1987ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கச் சட்டம் பிரதேச சபைகளை உருவாக்கியது. அவை கிராமச் சபைகளைவிடப் பெரியவை. பல ஊர்கள் ஒரே சபைக்குள் அடங்கின. சண்டிலிப்பாய் சேர்ந்துள்ள சபை மானிப்பாயில் இயங்குகிறது. போருக்குப் பின் 2011, 2018, 2025 ஆகிய ஆண்டுகளில் தேர்தல்கள் நடந்தன. 2023இல் நடக்க வேண்டிய தேர்தல் நடக்காமற் போனதால், இரண்டு ஆண்டுகளுக்கு மேலாகத் தவிசாளரும் இருக்கவில்லை, உறுப்பினரும் இருக்கவில்லை. சபையின் பொறுப்பை அதிகாரிகளே பார்த்தார்கள். அந்தக் காலத்தில் ஊர்மக்கள் முறையிடவேனும் தாம் தேர்ந்த ஒருவர் இருக்கவில்லை.

இதன் விளைவு மாரிகாலத்தில் தெளிவாகத் தெரியும். குடாநாட்டில் ஆறு என்று சொல்லத் தக்கது வழுக்கியாறு ஒன்றே. அது மழைக்காலத்தில் மட்டும் ஓடும். தெல்லிப்பழைப் பக்கத்திலிருந்து வரும் நீர், கந்தரோடை, சண்டிலிப்பாய் வழியாகக் குளங்களையும் வயல்களையும் தொட்டு, அராலிக் கடல்நீரேரியை நோக்கிப் போகிறது. ஐப்பசி, கார்த்திகையில் மழை அடித்துப் பெய்தால் இந்த நீர் பல அலுவலகங்களின் எல்லைகளைக் கடக்கிறது. வயல் வாய்க்கால் கமநல அபிவிருத்தித் திணைக்களத்தின் கவனத்துக்குரியது. பிரதான வீதி வீதி அபிவிருத்தி அதிகார சபையினுடையது. உள் ஒழுங்கை பிரதேச சபையினுடையது. வெள்ளம் வீட்டுக்குள் புகுந்தால் நிவாரணம் பிரதேச செயலகத்தினுடையது. மதகின் மேற்புறம் ஒருவருக்கும் கீழ்ப்புறம் இன்னொருவருக்கும் உரியதாக இருக்கையில், அடைத்துக்கிடக்கும் குப்பையை அள்ளும் பொறுப்பு எவருடையது என்று தெரிய வழியில்லை. ஊரின் மேடு பள்ளமும், நீர் எந்த வேலிக்கடியால் வழியும் என்பதும் அங்கு வாழ்பவர்களுக்குத்தான் தெரியும். இந்த அறிவை வாங்கிக்கொள்ள நிர்வாகத்தில் ஒரு வாசல் இல்லை. 2000ஆம் ஆண்டின் 46ஆம் இலக்கக் கமநல அபிவிருத்திச் சட்டம் கமக்காரர் அமைப்புகளுக்குச் சட்ட அங்கீகாரம் அளித்திருக்கிறது. வயலுக்குக் கொடுக்க முடிந்த அங்கீகாரத்தைக் குடியிருப்புக்குக் கொடுக்கத் தடையென்ன?

ஊர் இயங்கும் இடங்கள்

சட்டம் தராவிட்டாலும் ஊர் முடிவெடுத்துக்கொண்டுதான் இருக்கிறது. நல்லூர்ச் சின்னத்தம்பிப் புலவர் 18ஆம் நூற்றாண்டில் ‘கல்வளை அந்தாதி’ பாடியது இங்குள்ள கல்வளைப் பிள்ளையார் மீது. சீரணி நாகபூசணி அம்மன் கோயிலும் ஊரின் அடையாளம். திருவிழா உபயம், தேர், மடைப்பள்ளி எனக் கோயிலை ஒட்டிய எல்லாவற்றிலும் பொதுக்கணக்கு, பொறுப்பு, பிணக்குத் தீர்த்தல் என்பன கலந்திருக்கின்றன. சண்டிலிப்பாய் இந்துக் கல்லூரி மற்றொரு மையம். 1960, 1961 ஆண்டுச் சட்டங்களால் உதவி பெறும் பள்ளிகளை அரசு பொறுப்பேற்றபோது, குடாநாட்டு ஊர்கள் பள்ளி முகாமைத்துவத்தில் வைத்திருந்த பிடி தளர்ந்தது. சனசமூக நிலையங்களில் பத்திரிகை வாசிப்பும் விளையாட்டுப் போட்டியும் சிரமதானமும் தொடர்ந்தன. புலம்பெயர்ந்தோர் அனுப்பும் பணத்தில் மண்டபங்களும் கிணறுகளும் எழுகின்றன.

1995இல் இந்த வலுவின் அளவு தெரிந்தது. யூலையில் படைநடவடிக்கை தொடங்கியபோது மக்கள் ஓடினார்கள். நவாலி சென் பீற்றர்ஸ் தேவாலயத்தில் அவ்வாறு தஞ்சம் புகுந்தோரில் நூற்றுக்கும் மேற்பட்டோர் குண்டுவீச்சில் பலியானார்கள். ஒக்டோபர் 30இல் வலிகாமம் முழுவதும் ஒரே இரவில் கிளம்பித் தென்மராட்சிக்குப் போனது. அடுத்த ஆண்டு திரும்பியவர்கள் கோயிலையும் பள்ளியையும் வாசிகசாலையையும் தாங்களே மீட்டெடுத்தார்கள். இவ்வளவையும் தாங்கிய சமூகம் ஒரு மதகைத் திருத்தும் முடிவை எடுக்கத் தகுதியற்றது என்று சொல்ல எவருக்கும் நியாயமில்லை.

சாதி என்னும் எதிர்வாதம்

இதற்கு எதிரான வலுவான வாதம் சாதியைப் பற்றியது. யாழ்ப்பாணத்து ஊர் ஒரு நாளும் சமனான குடும்பமாக இருந்ததில்லை. 1957ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் சமூகக் குறைபாடுகளைத் தடுக்க வந்த பின்னரும் கோயிற் கதவுகளும் தேநீர்க்கடைகளும் பலருக்குத் திறக்கவில்லை. 1966 ஒக்டோபரில் சுன்னாகத்திலிருந்து தீண்டாமைக்கு எதிரான ஊர்வலம் புறப்பட்டது. 1968இல் அயலிலுள்ள சங்கானை நிச்சாமத்தில் மோதலும் உயிரிழப்பும் நேர்ந்தன. அதிகாரத்தை ஊருக்குக் கொடுத்தால் அது பழைய கைகளுக்கே போய்ச் சேரும் என்ற அச்சம் நியாயமானது.

எனினும் இந்த வாதம் உண்மையில் நம் பக்கமே சாய்கிறது. இன்று ஊரின் பொதுமுடிவுகள் பலவும் கோயிற் பரிபாலன சபையிலும் வெளிநாட்டுச் சங்கங்களின் அறைகளிலும் எடுக்கப்படுகின்றன. பணம் கொடுப்பவரின் சொல்லுக்கு நிறை அதிகம். காணி இல்லாதவரும் கூலிக்குப் போகும் பெண்ணும் அங்கே அழைக்கப்படுவதேயில்லை. சட்டபூர்வமான ஊர்க்கூட்டத்தில் வாக்காளர் இடாப்பில் பெயருள்ள ஒவ்வொருவரின் சொல்லுக்கும் ஒரே நிறை. கணக்கு எவருக்கும் திறந்திருக்கும். முறைகேடு நடந்தால் நீதிமன்றம் போகலாம். ஒதுக்கப்பட்டோருக்குச் சட்டம் காப்பு, மரபு காப்பல்ல. 2018 தேர்தலில் பெண்களுக்கு 25 வீத ஒதுக்கீடு கிடைத்ததும் சட்டத்தால்தான்.

இதற்குப் புதிய சட்டம் வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. பிரதேச சபைகள் உறுப்பினர் அல்லாத பிரதேசவாசிகளையும் சேர்த்துக் குழுக்கள் அமைக்க 1987ஆம் ஆண்டுச் சட்டமே இடமளிக்கிறது. ஒவ்வொரு வட்டாரத்திலும் வரவுசெலவுத் திட்டத்துக்கு முன் ஒரு பொதுக்கூட்டம். அதில் வீதி, வடிகால், விளக்கு பற்றிய முன்னுரிமைப் பட்டியல். அடுத்த ஆண்டு அதே கூட்டத்தில் செலவுக் கணக்கு வாசிப்பு. வலிகாமம் தென்மேற்குப் பிரதேச சபை இதைச் சண்டிலிப்பாயில் தொடங்கட்டும். கூட்டத்தின் இடத்தையும் நேரத்தையும் கூலிவேலை செய்வோரும் பெண்களும் வரக்கூடியதாகத் தீர்மானிக்கட்டும். ஊரின் பெயரைப் பலகையில் எழுதிய அரசு, அந்த ஊர்மக்களின் முடிவையும் பதிவேட்டில் எழுதக் கடமைப்பட்டிருக்கிறது.