தேசிய நூலகத்து ஏடுகளும் நம் வீட்டு நோட்டுகளும்

கோலாலம்பூர் துன் ரசாக் சாலையில், தெங்கோலோக் எனும் மலாய்த் தலைப்பாகை வடிவக் கூரையோடு நிற்கிறது மலேசியத் தேசிய நூலகம். மலாய்க் கையெழுத்துப் பிரதிகளைத் திரட்டிக் காக்கும் பணியை 1985 முதல் அது செய்து வருகிறது. 2001-இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் சேர்ந்த ஹிக்காயாட் ஹங் துவா ஏடு அங்குதான் இருக்கிறது.

பழைய ஏடுகளைப் பட்டியலிடுவது, நாங்கள் கடையில் ஸ்டாக் எடுப்பதைப் போல எளிதன்று. அச்சுப் புத்தகத்தின் முகப்பில் பெயர், ஆசிரியர், ஆண்டு எல்லாம் இருக்கும். கையெழுத்து ஏட்டில் பெரும்பாலும் அவை இருப்பதில்லை. உள்ளே படித்துத்தான் தலைப்பைக் கண்டறிய வேண்டும். எழுதியவர் பெயரும் ஹிஜ்ரி ஆண்டும் சில வேளை கடைசிப் பக்கத்தில் கிடைக்கும். இல்லையென்றால் தாளை வெளிச்சத்தில் பிடித்து, ஐரோப்பிய ஆலைகளின் நீர்க்குறியைக் கொண்டு காலத்தைக் கணிப்பார்கள். தாள்களின் எண்ணிக்கை, நீள அகலம், பக்கத்துக்கு எத்தனை வரி, மையின் நிறம் ஆகியவற்றையும் குறித்து ஓர் எண் கொடுப்பார்கள். எண் பெற்ற ஏடுதான் தேடுவோர் கைக்கு வரும்.

இதில் நம்மைத் தொடும் செய்தி ஒன்றுண்டு. மொழியையும் எழுத்தையும் தனித்தனியே பதிய வேண்டும். மலாயை அரபு எழுத்தில் எழுதினால் ஜாவி. தமிழை எழுதினால் அரபுத்தமிழ். தமிழ் அறியாதவர் அரபுத்தமிழ் ஏட்டை அரபி என்றோ ஜாவி என்றோ பதிந்துவிடக்கூடும். பிறகு தமிழ் ஏடு தேடி வருபவருக்கு அது இல்லாததற்குச் சமம்.

மற்றவரைச் சொல்வானேன்? நாங்கள் கடை மாறியபோது பாட்டனாரின் பெட்டியிலிருந்த நோட்டுகளைப் பழைய தாளோடு எடைக்குப் போட்டுவிட்டோம். ஒன்றை மட்டும் அரபிக் கிதாபு என்றெண்ணி, மரியாதையாக மேல்தட்டில் வைத்தோம். கீழக்கரையிலிருந்து வந்த மாமி எடுத்து வாசித்தபோதுதான் அது தமிழ் என்று தெரிந்தது. யாருக்கு எவ்வளவு கடன், எந்தக் கப்பலில் யார் வந்தார், பிள்ளைகள் பிறந்த நாள் எல்லாம் அதில் இருந்தன. எடைக்குப் போனவற்றில் என்ன இருந்ததோ!

மலாக்காவில் 1796-இல் பிறந்த முன்ஷி அப்துல்லா, அவ்வூரில் வசதியான குடும்பத்துப் பிள்ளைகள் கணக்கு வழக்குக்காகத் தமிழ் கற்பது வழக்கம் என்று தம் வரலாற்றில் எழுதியிருக்கிறார். அப்படிப்பட்ட மண்ணில் நம் முன்னோர் எழுதி வைத்தவை கொஞ்சமாகவா இருந்திருக்கும்?

நம் சங்கத்தின் இந்தப் பொன்விழா ஆண்டில், வீட்டிலுள்ள ஒவ்வொரு பழைய நோட்டிலும் ஒரு சீட்டு வைப்போம்: யாருடையது, எந்த ஊர், என்ன மொழி, என்ன எழுத்து. வாசிக்கத் தெரிந்த பெரியவர்கள் நம்மோடு இருக்கும்போதே இதைச் செய்துவிட வேண்டும். எங்கள் வீட்டு நோட்டுக்கு மாமி சொல்லச் சொல்ல நான் எழுதி வைத்துவிட்டேன்.