அமெரிக்க அரசியலமைப்பின் பதினான்காம் திருத்தம்

1868 ஜூலை 9 அன்று ஏற்பு பெற்ற பதினான்காம் திருத்தம், அமெரிக்க மண்ணில் பிறந்து அந்நாட்டின் சட்ட ஆளுகைக்கு உட்பட்ட எவரும் அதன் குடிமக்களே என்று அறிவித்தது. எந்த மாநிலமும் ஒருவருக்குச் சட்டத்தின் சமப் பாதுகாப்பை மறுக்கக் கூடாது என்றும் அதே பிரிவில் கட்டளையிட்டது. அடுத்தடுத்து நிற்கும் இந்த இரண்டு உறுதிகளும் ஒரே விதமாக வாழவில்லை. பிறப்பு ஐயமற நிறுவக்கூடிய நிகழ்வு. அதன்மேல் அமைந்த குடியுரிமை விதி பெரும்பாலும் குலையாமல் நின்றது. எது சமம் என்பதோ நீதிபதிகளின் மனப்பாங்கைச் சார்ந்திருந்தது. அதனால் சமத்துவ உறுதி முக்கால் நூற்றாண்டுக்கு மேல் பெரும்பாலும் ஏட்டளவிலேயே கிடந்தது.

1857இல் டிரெட் ஸ்காட் வழக்கில் உச்ச நீதிமன்றத் தலைமை நீதிபதி ரோஜர் டானி, கறுப்பின மக்கள், அடிமையாக இருந்தாலும் விடுதலை பெற்றிருந்தாலும், அமெரிக்கக் குடிமக்கள் ஆக முடியாது என்று தீர்ப்பளித்தார். உள்நாட்டுப் போருக்குப் பின் 1865 டிசம்பரில் பதின்மூன்றாம் திருத்தம் அடிமை முறையை ஒழித்தது. ஆனால் தென் மாநிலங்கள் அதை வேறு வழியில் மீட்டுக்கொள்ள முனைந்தன. மிசிசிப்பியின் சட்டப்படி, 1866 ஜனவரி இரண்டாம் திங்கட்கிழமையன்றோ அதன்பின்னோ வேலையின்றி இருக்கும் 18 வயது கடந்த கறுப்பர் ‘வேலையற்றுத் திரிபவர்’ என்று தண்டிக்கப்படுவார். 50 டாலர் வரை அபராதம். ஐந்து நாளில் கட்டாவிட்டால், அதைக் கட்டும் முதலாளியிடம் கூலிக்கு விடப்படுவார். இத்தகைய சட்டங்களை முறியடிக்க 1866இல் குடியியல் உரிமைச் சட்டம் இயற்றப்பட்டது. குடியரசுத் தலைவர் ஆண்ட்ரூ ஜான்சன் தம் மறுப்பு அதிகாரத்தால் அதைத் தடுத்தபோதும், நாடாளுமன்றமான காங்கிரஸ் அம்மறுப்பைத் தள்ளி நிறைவேற்றியது. ஆனால் சாதாரணச் சட்டத்தை அடுத்து வரும் பெரும்பான்மை நீக்கிவிடலாம். எனவே ஒஹாயோவின் ஜான் பிங்கம் வரைந்த சமத்துவ வாசகமும் செனட்டர் ஜேக்கப் ஹோவர்ட் சேர்த்த குடியுரிமை வாசகமும் அரசியலமைப்பிலேயே இடம்பெற்றன.

தென் மாநிலங்களின் கையை முறுக்கிப் பெற்ற ஒப்புதல் இது என்ற எதிர்வாதம் பழையது. அதில் உண்மையும் உண்டு: ஏற்றுக்கொண்டால்தான் காங்கிரஸில் மீண்டும் இடம் என்று 1867ஆம் ஆண்டுச் சட்டம் நிபந்தனை விதித்தது. ஆனால் முதலில் மறுத்த சட்டமன்றங்களை வெள்ளையர் மட்டுமே தேர்ந்தெடுத்திருந்தனர். மிசிசிப்பியிலும் தென் கரோலினாவிலும் மக்கள்தொகையில் கறுப்பர்களே பெரும்பான்மை. அவர்களை விலக்கிவிட்டுச் சொன்ன மறுப்பை மக்களின் தீர்ப்பு என்று எப்படி ஏற்க முடியும்?

இரண்டு உறுதிகளுக்கும் இடையிலான வேறுபாடு 1896க்கும் 1898க்கும் இடையே வெளிப்படையாகத் தெரிகிறது. 1896இல் பிளெஸி வழக்கில், ரயிலில் இனவாரியாகத் தனிப் பெட்டி வைப்பது சமத்துவத்துக்கு முரணல்ல என்று ஏழு நீதிபதிகள் கூறினர். ஜான் மார்ஷல் ஹார்லன் மட்டும் எதிர்த்தார். 1898இல் வந்தது வோங் கிம் ஆர்க் வழக்கு. சான் பிரான்சிஸ்கோவில் சீனப் பெற்றோருக்குப் பிறந்த சமையற்காரரான அவர், சீனா சென்று 1895இல் திரும்பியபோது கரையிறங்க அனுமதிக்கப்படாமல் மாதக்கணக்கில் கப்பல்களிலேயே வைக்கப்பட்டார். பிறப்பால் அவர் குடிமகனே என்று ஆறு நீதிபதிகள் தீர்ப்பளித்தனர். அந்த அறுவரில் ஐவர் பிளெஸி வழக்கில் தனிப் பெட்டியை ஆதரித்தவர்கள். ஹார்லனோ இம்முறை வோங்குக்கு எதிரான தரப்பில் சேர்ந்தார். நீதிபதிகளின் பரிவு எந்தப் பக்கம் சாய்ந்தாலும் தெளிவான விதி அந்த மனிதரைக் காப்பாற்றியது. ஓட்டையே இல்லாத விதி என்று சொல்ல முடியாது: 1884இல் எல்க் வழக்கில் பழங்குடியினர் அதற்கு வெளியே தள்ளப்பட்டு, 1924ஆம் ஆண்டுச் சட்டத்தால்தான் முழுமையாக உள்ளே வந்தனர். 2025 ஜனவரியில் ஆவணமற்றோர், தற்காலிக விசாவில் இருப்போர் ஆகியோரின் குழந்தைகளை விலக்கக் குடியரசுத் தலைவர் ஆணை பிறப்பித்தபோது, கீழ் நீதிமன்றங்கள் அதைத் தடுக்க வோங் தீர்ப்பையே பற்றின.

சமத்துவ வாசகம் 1954இல், பள்ளிகளில் இனப் பிரிவினையைச் செல்லாது என்ற பிரவுன் வழக்கில்தான் கறுப்பினக் குழந்தைகளின் பள்ளி வாசலை எட்டியது. 1866இன் காங்கிரஸே தலைநகரில் தனித்தனிப் பள்ளிகளை நடத்தியதால் இத்தீர்ப்பு மூல நோக்கத்தை மீறியது என்பார்கள். ஆனால் ஒப்பந்தம், சொத்து, சாட்சியம் என்று உரிமைகளைப் பட்டியலிட்ட குடியியல் உரிமைச் சட்டம் அதே காங்கிரஸின் கையில் இருந்தது. அதைப் படியெடுக்காமல், எல்லை குறிக்காத பொது வாசகத்தை அவர்கள் தெரிந்தெடுத்தனர். அவர்களுடைய பழக்கத்தைவிட அவர்கள் இயற்றிய சட்டமே நம்மைக் கட்டுப்படுத்த வேண்டும். பெண்களுக்கும் அந்த வாசகம் 1971இன் ரீட் வழக்கு வரை உதவவில்லை.

இந்திய அரசியலமைப்பின் 14ஆம் உறுப்பு ‘சட்டங்களின் சமப் பாதுகாப்பு’ என்ற தொடரை இத்திருத்தத்திலிருந்தே எடுத்துக்கொண்டது. ஆனால் அதோடு நிற்காமல், சாதி, மதம், பால் அடிப்படையிலான பாகுபாட்டை 15ஆம் உறுப்பிலும் தீண்டாமையை 17ஆம் உறுப்பிலும் பெயர் சொல்லித் தடுத்தது. குடியுரிமையில் நிலைமை நேர்மாறு: அதை நாடாளுமன்றத்தின் சாதாரணச் சட்டத்துக்கு விட்டுவிட்டது. 1987 ஜூலை முதல், பெற்றோரில் ஒருவரேனும் இந்தியக் குடிமகனாக இருக்க வேண்டும் என்று அச்சட்டம் இறுக்கப்பட்டது. அதனால் பெற்றோர் இருவரும் இலங்கை அகதிகளாக இருக்க, அதன்பின் தமிழ்நாட்டு முகாம்களில் பிறந்த பிள்ளைகள் பிறப்பால் இந்தியக் குடிமக்கள் ஆகவில்லை.