ஒலிம்பிக் காணாத உச்சம்: ஜிம்மி ஜார்ஜும் கேரள மலைநாட்டு வாலிபாலும்

இந்தியாவில் ஒருவரை ‘முன்னாள் ஒலிம்பிக் வாலிபால் வீரர்’ என்று அறிமுகப்படுத்தினால் அது தவறு. 1964 டோக்கியோவில் வாலிபால் ஒலிம்பிக்கில் சேர்ந்த நாள் முதல் 2024 பாரிஸ் வரை, ஆண்கள் அணியோ பெண்கள் அணியோ ஒருமுறைகூட அங்கே இந்தியாவுக்காக ஆடியதில்லை. ஆனால் அந்த அரங்கில் ஆடியிருக்க வேண்டியவர் என்று தயங்காமல் சொல்லத்தக்க ஒருவர் கேரளத்தில் இருந்தார். அவர் ஜிம்மி ஜார்ஜ். அவரை உருவாக்கிய மண் எது, அவரை ஒலிம்பிக்குக்குக் கொண்டுபோகாமல் தடுத்தது எது என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

முதலில் மண்ணைப் பார்ப்போம். இருபதாம் நூற்றாண்டின் முற்பாதியில் மத்திய திருவிதாங்கூரிலிருந்து விவசாயக் குடும்பங்கள் அலை அலையாக மலையேறின. ஒரு பிரிவு வடக்கே மலபாருக்குப் போய்ப் பாலக்காட்டின் மண்ணார்க்காடு பக்கமும் கண்ணூரின் கிழக்கு மேடுகளிலும் காடு திருத்தியது. இன்னொரு பிரிவு கிழக்கே இன்றைய இடுக்கியின் ஹைரேஞ்சுக்கு வந்தது. இரண்டாம் உலகப் போர்க்கால உணவுப் பஞ்சத்தை ஒட்டி அரசே அங்கே பயிரிட நிலம் ஒதுக்கியது. பாலக்காடும் இடுக்கியும் ஒன்றையொன்று தொடாத மாவட்டங்கள். ஆனால் இரண்டும் தமிழ்நாட்டைத் தொடுகின்றன. வாளையாறைத் தாண்டினால் கோயம்புத்தூர், குமுளியிலோ போடிமெட்டிலோ இறங்கினால் தேனி.

மலைச்சரிவில் கால்பந்துக்குத் திடல் அமைப்பது பெரும்பாடு. வாலிபாலுக்கு 18 மீட்டர் நீளம், 9 மீட்டர் அகலம் போதும். மண்வெட்டியால் ஒரு சரிவைச் சமன் செய்து, இரண்டு பாக்குமரத் துண்டுகளை நட்டு, வலை கட்டினால் ஆட்டம் தொடங்கிவிடும். பக்கத்துக்கு ஆறு பேர், ஒரே பந்து. பகல் முழுதும் தோட்டத்தில் நின்றவர்கள் மாலை வெளிச்சம் மங்கும்வரை ஆடலாம். மலைநாட்டுக் கிராமங்களில் இந்த ஆட்டம் வேரூன்றியதற்கு நிலத்தின் அமைப்பே முதல் காரணம் என்பது என் கருத்து. மற்றது நிறுவனம். வாலிபாலை 1895இல் அமெரிக்காவின் ஹோலியோக் நகரில் வில்லியம் மார்கன் உருவாக்கியது ஒய்.எம்.சி.ஏ. கூடத்தில். தென்னிந்தியாவில் அது பரவியதிலும் 1920இல் சென்னையில் ஹாரி குரோ பக் தொடங்கிய ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரிக்குப் பங்குண்டு.

கண்ணூர் மாவட்டத்தின் பேராவூர் அப்படியொரு குடியேற்ற ஊர். 1955 மார்ச் 8 அன்று அங்கே பிறந்தார் ஜிம்மி. தந்தை ஜார்ஜ் ஜோசப் தாமே வாலிபால் ஆடியவர். பிள்ளைகளுக்கு முதல் பயிற்சியாளரும் அவரே. சகோதரர்கள் எட்டுப் பேரும் ஆடினார்கள். வெளியாள் தேவைப்படாமல் ஒரே வீட்டிலிருந்து ஓர் அணியும் மாற்று வீரர்களும்! பதின்ம வயதிலேயே கேரள அணி, பிறகு கோழிக்கோடு பல்கலைக்கழகம், 1976இல் கேரளக் காவல்துறையில் வேலை. அதே ஆண்டு, 21 வயதில், அர்ஜுனா விருது.

அந்தக் காலத்து வாலிபால்காரரின் பாதை அதுதான். நன்றாக ஆடினால் போலீஸ், ரயில்வே, மின்வாரியம். சென்னையில் ஐ.சி.எஃப்., வங்கிகள். ஏழை வீட்டுப் பையனுக்கு ஆட்டம் சோறு போட்டது, அது பெரிய விஷயம். ஆனால் வேலை கிடைத்த இடத்திலேயே பெரும்பாலோரின் ஆட்டமும் நின்றுபோனது. ஜிம்மி நிற்கவில்லை. 1979இல் அபுதாபிக்குப் போனார், 1982இல் இத்தாலிக்கு. உலகின் தலைசிறந்த ஷூட்டர்கள், அதாவது பந்தை ஓங்கி அடிப்பவர்கள், கூடும் லீக் அந்த நாட்டினுடையது. இந்தியாவிலிருந்து தொழில்முறை வாலிபாலுக்குப் போன முதல் வீரர் அவர்தான்.

1986இல் சியோல் ஆசிய விளையாட்டு. ஜிம்மியோடு சிரில் வள்ளூர், உதயகுமார், தமிழ்நாட்டின் ஜி.இ. ஸ்ரீதரன், ஆந்திராவின் பி.வி. ரமணா ஆகியோர் இருந்த அணி, சீனாவுக்கும் தென்கொரியாவுக்கும் அடுத்து வெண்கலம் வென்றது. 1958இல் வெண்கலம், 1962இல் வெள்ளி வென்ற பிறகு 24 ஆண்டுகள் கழித்து வந்த பதக்கம் இது. பின்னால் நின்றது ஜப்பான். அதே சியோலில் 1988இல் ஒலிம்பிக் நடந்தபோது ஜப்பான் ஆடியது, இந்தியா இல்லை. ஜிம்மியும் இல்லை, 1987 நவம்பர் 30 அன்று இத்தாலியில் நடந்த சாலை விபத்தில், 32 வயதில், அவர் இறந்துவிட்டார்.

இவ்வளவு பெரிய ஆட்டக்காரர் ஏன் அணியை ஒலிம்பிக்குக்குத் தூக்கிப்போக முடியவில்லை? விடை ஆட்ட விதியிலேயே இருக்கிறது. பிளாக் செய்யும்போது தவிர, ஒரே ஆள் பந்தை அடுத்தடுத்து இருமுறை தொடக்கூடாது. ஒருவர் சர்வீஸை எடுக்க வேண்டும், இன்னொருவர் பந்தை உயர்த்தி லிஃப்ட் தர வேண்டும், அதன் பிறகே ஷூட்டர் எழும்ப முடியும். கால்பந்தில்போல் பந்தைக் காலில் வைத்துக்கொண்டு ஒருவர் ஐந்து பேரைத் தாண்ட இங்கே வழியில்லை. ஆறு பேரும் ஒரே தரத்தில் இருக்க வேண்டும். நம்மில் ஒருவர் இத்தாலியத் தரத்தில் ஆடினார். மற்றவர்களுக்கு அந்த வாய்ப்பை யாரும் உண்டாக்கித் தரவில்லை.

தமிழ்நாட்டு எல்லையைத் தொடும் பாலக்காடு, இடுக்கி மாவட்டங்களின் ஒலிம்பிக் கணக்கு இதை உறுதிப்படுத்துகிறது. தொடுபுழாவின் ஷைனி வில்சன் 1984 முதல் நான்கு ஒலிம்பிக்குகளில் ஓடினார். இடுக்கியின் பீனாமோளும் தம்பி பினுவும் 2004 ஏதென்ஸுக்கு ஒன்றாகப் போனார்கள். இடுக்கியில் பிறந்து பாலக்காட்டில் ரயில்வே வேலை பார்த்த பிரீஜா ஸ்ரீதரன் 2008இல் பெய்ஜிங்கில் 10,000 மீட்டர் ஓடினார். பாலக்காட்டின் ஸ்ரீசங்கர் டோக்கியோவில் நீளம் தாண்டினார். தடகளத்தில் தனி ஒருவரின் கால்களே தகுதி பெற்றுத் தரும். வாலிபாலில் நாடே தகுதி பெற வேண்டும். உலகம் முழுமைக்கும் 12 இடம்தான்.

வாலிபால் வீடுகளும் ஒலிம்பிக்கைத் தொட்டன, வேறு வாசல் வழியாக. ஜிம்மியின் தம்பி ராபர்ட் பாபி ஜார்ஜின் மனைவி அஞ்சு, கணவரிடமே பயிற்சி பெற்று, ஏதென்ஸில் 6.83 மீட்டர் நீளம் தாண்டினார். சியோல் அணியின் ரமணாவுக்கும், வாலிபால் வீராங்கனையான விஜயாவுக்கும் பிறந்த சிந்து, பாட்மின்டனில் இரண்டு ஒலிம்பிக் பதக்கங்கள் வென்றார்.

ஜிம்மியின் பெயரில் திருவனந்தபுரத்தில் ஓர் உள்ளரங்கம் இருக்கிறது. இத்தாலியின் மோந்திகியாரி நகரில் இன்னொன்று: பாலாஜார்ஜ்.