ஒரு போலீஸ்காரரின் உயிருக்கு என்ன கணக்கு?

எங்கள் ஊர் திருமுடிவாக்கம். சிட்கோ தொழிற்பேட்டை இருக்கிறது என்றால் பலருக்குத் தெரியும். லேத், பிரஸ், வெல்டிங் என்று நாள் முழுக்கச் சத்தம்தான். பி.காம். படிக்கும் நான், தொழிற்சட்டம் பாடத்தில் 1923-ஆம் வருட தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டத்தைப் படித்தபோது, இந்தப் பட்டறைகளை நினைத்துக்கொண்டேதான் கணக்குப் போட்டுப் பார்த்தேன்.

கணக்கு ரொம்ப எளிது. வேலையில் ஒருவர் இறந்தால், மாதச் சம்பளத்தில் பாதியை எடுத்து, வயதுக்கு ஏற்ற ஒரு எண்ணால் பெருக்க வேண்டும். 25 வயதுக்கு 216.91. 55 வயதுக்கு 135.56. 2020 ஜனவரியில் வந்த சம்பள உச்சவரம்பு 15,000 ரூபாயை வைத்துப் போட்டால், 25 வயதுக்காரர் குடும்பத்துக்கு 16,26,825 ரூபாய், 55 வயதுக்காரர் குடும்பத்துக்கு 10,16,700 ரூபாய். இளைஞர் இறந்தால் குடும்பம் இழக்கும் வருடங்கள் அதிகம், அதனால் தொகையும் அதிகம். வெள்ளைக்காரன் காலத்துச் சட்டம்தான், ஆனால் நியாயம் இருக்கிறது! (2025 நவம்பரில் இது சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்புக்குள் போய்விட்டது.)

சரி, கடமையில் இறக்கும் போலீஸ்காரருக்கு?

எங்கள் பக்கத்தில் எல்லோருக்கும் நினைவிருக்கும் பெயர் மதுரவாயல் இன்ஸ்பெக்டர் பெரியபாண்டியன். கொளத்தூர் நகைக்கடைக் கொள்ளையர்களைத் தேடி ராஜஸ்தான் போனவர், 2017 டிசம்பர் 13 அன்று பாலி மாவட்டத்தில் குண்டு பாய்ந்து இறந்தார். முதல்வர் பழனிசாமி 1 கோடி ரூபாய் அறிவித்தார். பிறகுதான், குண்டு கூடப் போன அதிகாரியின் துப்பாக்கியிலிருந்து தவறுதலாக வந்தது என்று ராஜஸ்தான் போலீஸ் சொன்னது. அந்தக் குண்டு யாருடையதாக இருந்தால் என்ன, அவர் போனது கடமைக்காகத்தானே?

அதற்குப் பிறகு நடந்தவற்றை வரிசையாக வைத்துப் பார்த்தால்தான் குழப்பம் ஆரம்பிக்கிறது. 2020 ஜனவரி 8, களியக்காவிளை சோதனைச் சாவடியில் சிறப்பு எஸ்.ஐ. வில்சன் சுட்டுக் கொல்லப்பட்டார். 1 கோடி. அதே வருடம் ஆகஸ்ட் 18, வல்லநாடு பக்கம் ரவுடியைப் பிடிக்கப் போன காவலர் சுப்பிரமணியன் நாட்டு வெடிகுண்டு வீச்சில் இறந்தார். 50 லட்சம். 2021 பிப்ரவரி 1, ஏரலில் குடிபோதையில் இருந்தவரைக் கண்டித்த எஸ்.ஐ. பாலு வண்டி ஏற்றிக் கொல்லப்பட்டார். 50 லட்சம். ஆட்சி மாறியது. 2021 நவம்பர் 21, ஆடு திருடர்களை பைக்கில் விரட்டிப் போன நவல்பட்டு சிறப்பு எஸ்.ஐ. பூமிநாதன் வெட்டிக் கொல்லப்பட்டார். முதல்வர் ஸ்டாலின் 1 கோடி அறிவித்தார். குடும்பத்தில் ஒருவருக்கு அரசு வேலை என்பது எல்லாவற்றிலும் பெரும்பாலும் கூடவே வரும்.

நான்கு பேர், இரண்டு வருடத்துக்குள். ஏன் இருவருக்கு ஒரு கோடி, இருவருக்கு அதில் பாதி? வில்சன் கொலை தீவிரவாத வழக்காகி என்.ஐ.ஏ. வரை போனது, நாடே பேசியது. வல்லநாடு சம்பவத்தை அவ்வளவு பேர் பேசவில்லை. எனக்குத் தோன்றும் ஒரே விடை இதுதான்... தவறாகவும் இருக்கலாம்.

ஆனால் ஒரு விஷயம் என்னை உறுத்திக்கொண்டே இருக்கிறது. தமிழ்நாட்டில் 2003 ஏப்ரல் 1-க்குப் பிறகு அரசு வேலைக்குச் சேர்ந்தவர்கள் பழைய ஓய்வூதியத்தில் வரவில்லை, பங்களிப்பு ஓய்வூதியத் திட்டத்தில்தான் வந்தார்கள். ஓய்வுபெறும் வயதை நெருங்கிக்கொண்டிருந்த வில்சன் பழைய தலைமுறை. சுப்பிரமணியன் இளைஞர், 2003-க்கு வெகு பின்னால் சேர்ந்தவர். அதாவது பழைய ஓய்வூதியம் இல்லாத, இன்னும் முப்பது வருடம் சம்பளம் வாங்கியிருக்க வேண்டிய மனிதருக்குத்தான் 50 லட்சம்! சிட்கோ லேத் பட்டறையின் கணக்கு இங்கே அப்படியே தலைகீழ். வில்சன் குடும்பத்துக்குக் கொடுத்தது அதிகம் என்று நான் சொல்லவில்லை, தயவுசெய்து அப்படி எடுத்துக்கொள்ளாதீர்கள்.

மத்திய அரசில் இதற்கு ஒரு பட்டியலே இருக்கிறது. சி.ஆர்.பி.எஃப். உட்பட மத்திய அரசு ஊழியர் கடமையின்போது விபத்தில் இறந்தாலும், தீவிரவாதிகளோ சமூக விரோதிகளோ கொன்றாலும் ஒரே தொகை. 1997-இல் 5 லட்சம், 2006-இல் 10 லட்சம், 2016-இல் 25 லட்சம். எல்லை மோதல் என்றால் 35, போர் என்றால் 45. நம் ஊர் அறிவிப்புகளைவிடத் தொகை குறைவுதான். ஆனால் பெரியபாண்டியன் விஷயத்தில் வந்த குண்டு யாருடையது என்ற கேள்விக்கே அந்தப் பட்டியலில் வேலை இல்லை. களியக்காவிளையும் வல்லநாடும் ஏரலும் நவல்பட்டும் அதில் ஒரே தொகைக்குள் வந்துவிடும்.

1959 அக்டோபர் 21 அன்று லடாக்கின் ஹாட் ஸ்பிரிங்ஸில் சீனப் படையால் கொல்லப்பட்ட 10 போலீஸ்காரர்களின் நினைவாகத்தான் ஒவ்வொரு அக்டோபர் 21-லும் மெரினா எதிரே டி.ஜி.பி. அலுவலகத்தில் மலர்வளையம் வைக்கிறார்கள். அந்த வருடம் கடமையில் உயிர்விட்ட எல்லோருக்கும் ஒரே அஞ்சலி. அங்கே ஒரு கோடிக்காரர், ஐம்பது லட்சக்காரர் என்று பிரிப்பதில்லை.